பேசாத படமும் பேசிய கொட்டகையும்

தென்னிந்திய ஊமைப்படங்களைப் பற்றி எழுத உட்காருபவருக்கு முதல் தொல்லை, பார்ப்பதற்குப் படம் இல்லை. நூற்றுக்கும் மேற்பட்ட கதைப்படங்கள் எடுக்கப்பட்டன. இன்று கையில் இருப்பது 1933-ல் வெளியான ‘மார்த்தாண்ட வர்மா’ ஒன்றுதான். அதுவும் மேடையிலிருந்து வந்ததல்ல, சி.வி. ராமன் பிள்ளை 1891-ல் வெளியிட்ட நாவலிலிருந்து வந்தது. பதிப்புரிமை வழக்கில் மாட்டி, ஓட்டம் நின்று, திருவனந்தபுரத்துக் கமலாலயா புத்தகக் கடையில் பல ஆண்டுகள் கிடந்தது. 1974-ல் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் அதை மீட்டு எடுத்துக்கொண்டது. ஊர் ஊராக ஓடிய படங்கள் தேய்ந்தும் எரிந்தும் அழிந்துபோக, கோர்ட்டு தடுத்து நிறுத்திய படம் பிழைத்துக்கொண்டது.

ஆகவே, மேடை நாடகம் எப்படி ஊமைப்படமாயிற்று, மாறியபோது எதைக் கொண்டுபோயிற்று, எதை விட்டுவிட்டது என்ற கேள்விக்குப் படச்சுருளைப் பார்த்து விடை சொல்ல வழியில்லை. பழைய பத்திரிகை, நினைவுக் குறிப்பு, விசாரணைக் கமிட்டி அறிக்கை என்று மூன்று சாட்சிகளை ஆய்வாளர்கள் வைத்திருக்கிறார்கள். நான்காவது சாட்சி ஒன்று உண்டு என்பது என் எண்ணம். பாலக்காடு மாவட்டத்துக் கொழிஞ்சாம்பாறையைச் சுற்றி இன்றும் ஆடப்படும் கூத்துகள்தான் அது. அந்தச் சாட்சியைக் கூப்பிடுமுன் மற்றவர்கள் சொல்வதைக் கேட்டுவிடலாம்.

நாடகத்தைப் படம்பிடிப்பது இந்தியாவில் சினிமா வந்த கையோடு வந்தது. கல்கத்தாவில் ஹீராலால் சென் கிளாசிக் தியேட்டரில் நடந்த நாடகங்களின் காட்சிகளைப் படமாக்கி, அங்கேயே நாடக இடைவேளைகளில் காட்டினார். 1903 வாக்கில் ‘அலிபாபா’ நாடகத்தையும் எடுத்தார். 1917-ல் கிடங்கில் தீப்பிடித்து அவர் உழைப்பு முழுவதும் சாம்பலானது. பம்பாயில் தாதாசாகேப் டோர்ணே ‘ஸ்ரீ புண்டலீக்’ என்ற மராத்தி நாடகத்தைப் படமாக்க, 1912 மே 18-ல் அது கொரோனேஷன் கொட்டகையில் வெளியானது. ஏறக்குறைய ஓர் ஆண்டு கழித்து, 1913 மே 3-ல், அதே கொட்டகையில் பால்கேயின் ‘ராஜா ஹரிச்சந்திரா’. இந்த இரண்டில் எது முதல் இந்தியப் படம் என்று இன்னமும் வழக்கு நடக்கிறது. டோர்ணே எடுத்தது வெறும் நாடகப் பதிவு, கேமராவைப் பிடித்தவர் வெள்ளைக்காரர், கழுவியது லண்டனில், எனவே தள்ளுபடி என்பார்கள் ஒரு சாரார். ஆனால் பால்கேயின் கதையும் மேடையில் பழகித் தேய்ந்த கதைதான். தாராமதியாக நடித்த சாளுங்கே சாப்பாட்டுக் கடையில் வேலைபார்த்த ஆண்பிள்ளை. மேடையில் ஸ்திரீபார்ட் போடும் வழக்கம் அப்படியே படத்துக்குள் நடந்து வந்துவிட்டது. யார் முதல் என்ற சண்டையில் எனக்கு அக்கறை இல்லை. இரண்டு பேருமே மேடையை விட்டு அதிக தூரம் போகவில்லை என்பதுதான் நமக்கு வேண்டிய செய்தி.

சென்னையில் கதை கொஞ்சம் வேறு. மோட்டார் உதிரிபாக வியாபாரம் செய்துவந்த ஆர். நடராஜ முதலியார், ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற ஆங்கிலேயரிடம் கேமரா பழகிக்கொண்டு, புரசைவாக்கம் மில்லர்ஸ் ரோட்டில் ஒரு ஸ்டூடியோ போட்டார். எந்தக் கதையை எடுக்கலாம் என்று நாடக ஆசிரியர் பம்மல் சம்பந்த முதலியாரிடம் யோசனை கேட்டார்; பாஞ்சாலியும் கீசகனும் என்று முடிவாயிற்று. ‘கீசகவதம்’ எந்த ஆண்டு வெளிவந்தது என்பதில் ஒற்றுமை இல்லை. 1916 என்றும் 1917 என்றும் 1918 என்றும் எழுதுகிறார்கள். கீசகனாக ராஜு முதலியாரும் திரௌபதியாக ஜீவரத்தினமும் நடித்தார்கள், இருவரும் மேடைக்காரர்கள். வெயிலை மட்டுப்படுத்த மேலே வெள்ளைத் துணி கட்டி, 35 நாளில் எடுத்து முடித்த படம் ஏறக்குறைய 6,000 அடி. 35,000 ரூபாய் செலவாகி 50,000 வந்தது என்பது வழக்கமாகச் சொல்லப்படும் கணக்கு. எழுத்து அட்டைகள் தமிழிலும் ஆங்கிலத்திலும் இந்தியிலும் போடப்பட்டன. இந்தியில் எழுதிக் கொடுத்தவர் காந்தியின் மகன் தேவதாஸ்.

கீசகன் கதையைத் தேர்ந்தெடுத்தது சாமர்த்தியம் என்று நினைக்கிறேன். வட தமிழ்நாட்டுத் தெருக்கூத்தில் அது விடிய விடிய ஆடப்படும் கதை. மலையாளக் கரையில் இரயிம்மன் தம்பியின் ‘கீசகவதம்’ கதகளி மேடையில் நூறாண்டுக்கு மேல் நின்ற ஆட்டக்கதை. பாலக்காட்டுக் கணவாயின் இரண்டு பக்கத்து ஜனங்களுக்கும் அட்டையைப் படிக்காமலே புரியும். ஊமைப்படத்துக்கு ஆள் சேர்க்க அதைவிட நல்ல கதை கிடைக்காது.

இங்கேதான் தமிழ் நாடகத்துக்கென்று தனியாக ஒரு சிக்கல் முளைக்கிறது. அன்றைய தமிழ் நாடகம் என்றால் பாட்டு. சங்கரதாஸ் சுவாமிகள் எழுதிக்கொடுத்த வள்ளி திருமணத்தையும் பவளக்கொடியையும் கோவலனையும் கேட்கத்தான் ஜனங்கள் போனார்கள். பார்ப்பது இரண்டாம் பட்சம். மேடை நடிகர் கிட்டப்பாவின் குரல் கடைசி வரிசைக்கு எட்டுகிறதா என்பதே ஊர்ப்பேச்சு. ஹார்மோனியக்காரர் மேடைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து சுருதி கொடுத்துக்கொண்டே, தாமும் ஒரு பாட்டை எடுத்துவிடுவார். ராஜபார்ட்டும் ஸ்திரீபார்ட்டும் தர்க்கம் செய்வதும் பாட்டில்தான். இந்த நாடகத்தை ஒலி இல்லாத பெட்டிக்குள் போட்டால் மிஞ்சுவது என்ன? படுதா, ஜிகினா, கதை, நாலு சாடை.

இதே சிக்கல் வெளிநாட்டிலும் இருந்தது. அங்கே பாட்டுக்குப் பதில் வசனம். ஆஸ்கார் வைல்டின் ‘லேடி விண்டர்மியரின் விசிறி’ முழுக்க முழுக்கச் சாதுரியப் பேச்சால் நிற்கும் நாடகம். எர்ன்ஸ்ட் லூபிட்ச் 1925-ல் அதை ஊமைப்படமாக எடுத்தபோது வைல்டின் புகழ்பெற்ற பேச்சுகளில் எதையும் அட்டைக்குக் கொண்டுவரவில்லை. குதிரைப் பந்தய மைதானத்தில் யார் யாரைப் பார்க்கிறார்கள், யார் முகம் திருப்பிக்கொள்கிறார்கள் என்பதை வைத்தே ஊர்வம்பைக் காட்டிவிட்டார். நாடகத்தின் உயிராகக் கருதப்பட்டதை வெட்டி எறிந்துவிட்டு அதற்கு ஈடாக வேறொன்றைக் கண்டுபிடித்தார். நாடகத்திலிருந்து ஊமைப்படம் எடுப்பதற்கு அதுதான் மிகத் துணிச்சலான வழி. அமெரிக்க இயக்குநர் கிரிஃபித் வேறு மாதிரி. ‘வே டவுன் ஈஸ்ட்’ என்ற பழைய மெலோடிராமாவின் உரிமைக்கு 1,75,000 டாலர் கொடுத்து, 1920-ல் படமாக்கி, மேடையில் காட்டவே முடியாத பனிப்பாளம் மிதக்கும் ஆற்றில் கதாநாயகியைப் படுக்கவைத்தார்.

வட இந்தியாவில் இந்த இரண்டாவது வழிதான் செல்லுபடியானது. நிரஞ்சன் பாலின் நாடகத்தை வைத்து ஹிமாம்சு ராயும் ஜெர்மானிய இயக்குநர் ஃபிரான்ஸ் ஆஸ்டனும் 1928-ல் எடுத்த ‘ஷிராஸ்’, தாஜ்மஹால் பிறந்த கதை. மேடையில் படுதாவில் எழுதிக் காட்டிய அரண்மனைக்குப் பதில் உண்மையான அரண்மனை, யானை, ஒட்டகம், பாலைவனம். இந்தப் படம் பிழைத்திருக்கிறது. லண்டனில் புதுப்பித்து, அனுஷ்கா சங்கர் இசையோடு 2017-ல் திரையிட்டார்கள். பார்க்கும்போது இது நாடகமாக இருந்தது என்பதே மறந்துபோகும். கதையைத் தவிர மேடையின் வாடை எதுவும் இல்லை. அதே 1928-ல் இம்தியாஸ் அலி தாஜ் எழுதிய ‘அனார்கலி’ நாடகத்தை லாகூர்க் கம்பெனி ஒன்று பெருஞ்செலவில் எடுத்துக்கொண்டிருக்க, பம்பாய் இம்பீரியல் கம்பெனி சுலோசனாவை வைத்து அதே கதையை விறுவிறுவென்று எடுத்து முந்திக்கொண்டது. லாகூர்ப் படத்துக்குப் பின்னால் வந்தவன் கதி. நாடகத்தின் பெயர் நிலைத்துவிட்டால் அதன் சொந்தக்காரர் யார் என்பது கொட்டகை வாசலில் எடுபடாது என்பதற்கு நல்ல உதாரணம்.

சென்னையில் பணமும் இல்லை, அரண்மனையும் இல்லை. ரகுபதி வெங்கையாவும் மகன் பிரகாஷும், 1929-ல் ஜெனரல் பிக்சர்ஸ் கார்ப்பரேஷனைத் தொடங்கிய ஏ. நாராயணனும், பம்பாயிலிருந்து திரும்பிவந்த ராஜா சாண்டோவும் தங்களால் முடிந்த அளவு எடுத்தார்கள். நந்தனார், கோவலன் போன்ற மேடைக் கதைகள் ஊமைப்படமாக வந்தன. கதை வந்தது, நாடகம் வந்ததா என்றால் வரவில்லை என்றே சொல்வேன். பாட்டில்லாத கோவலனை நாடகக் கொட்டகை ரசிகர் ஏற்றுக்கொண்டிருக்க மாட்டார்.

ஆனாலும் படம் ஓடியது. எப்படி ஓடியது என்பதற்குத்தான் கொழிஞ்சாம்பாறையைக் கூப்பிட வேண்டியிருக்கிறது.

ஊரின் கிடப்பைச் சொல்லிவிடுகிறேன். மேற்கே சித்தூர், தென்கிழக்கே பொள்ளாச்சி, வடகிழக்கே வேலந்தாவளம் தாண்டினால் கோவை. இன்று கேரளத்தின் பாலக்காடு மாவட்டம். வீட்டில் தமிழ், ஆபீஸில் மலையாளம். ஊமைப்படக் காலத்தில் சித்தூர் தாலுகா கொச்சி ராஜ்யத்தைச் சேர்ந்தது, பாலக்காடு பிரிட்டிஷ் மலபார், கோவை தனி ஜில்லா. தமிழ்ச் சங்கீத நாடகம் மலையாளக் கரைக்குள் நுழைந்ததற்குப் பாலக்காட்டுக் கணவாய் ஒரு வாசல். தமிழ்க் கம்பெனிகள் ஆடியதைப் பார்த்துப் பழகிய பின்னரே டி.சி. அச்சுத மேனோன் 1892-ல் ‘சங்கீத நைஷதம்’ எழுதினார். மலையாளத்தில் அந்த வகை நாடகம் பெருகியது. பெருகிய வேகத்தைப் பார்த்து எரிச்சலடைந்த ராமக் குறுப்பு ‘சக்கீசங்கரம்’ என்று ஒரு கிண்டல் நாடகமே எழுதவேண்டி வந்தது. சினிமாவும் கோவைப் பக்கமிருந்துதான் வந்தது. ரயில்வேயில் வரைபடம் போடும் உத்தியோகத்தில் இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், 1905-ல் டுபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடம் புரொஜெக்டரை வாங்கி ஊர் ஊராகக் கூடாரம் போட்டார். 1914-ல் கோவையில் வெரைட்டி ஹாலைக் கட்டினார். திருச்சூரில் காட்டூக்காரன் வாறுண்ணி ஜோசப் 1907-லேயே பயாஸ்கோப் காட்டத் தொடங்கிவிட்டார். ஆக, இந்தக் கணவாய் ஊமைப்படத்தின் போக்குவரத்துப் பாதை.

அந்தப் பாதையில் ஏற்கெனவே இருந்த கலைகளைப் பாருங்கள். பாலக்காட்டு பகவதி கோயில்களின் கூத்துமாடத்தில் தோல்பாவைக்கூத்து. ஆயப்புடவை என்ற திரைச்சீலை, பின்னால் வரிசையாக 21 விளக்கு, திரையில் நிழல். நிழல் பேசாது, பின்னாலிருக்கும் புலவர் கம்பராமாயணப் பாட்டைச் சொல்லி, அதற்கு மணிக்கணக்கில் விளக்கமும் சொல்வார். பாட்டு தமிழ், விளக்கம் மலையாளம் கலந்தது. முன்னால் ஒருவரும் இல்லாவிட்டாலும் ஆட்டம் நிற்காது, பார்ப்பவள் பத்திரகாளி. கதகளியில் ஆடுகிறவர் வாய் திறப்பதில்லை. பாடுகிறவர்கள் பின்னால் நிற்கிறார்கள். பொறாட்டு நாடகத்தில் குறவனும் குறத்தியும், மண்ணானும் மண்ணாத்தியும் ஜோடி ஜோடியாக வருவார்கள். பெண் வேஷமும் ஆணே போடுவான். வருகிற ஒவ்வொருவரையும் சோத்தியக்காரன் என்று ஒருவன் மறித்து, நீ யார், எந்த ஊர், என்ன விசேஷம் என்று கேள்வி கேட்பான். அவன் கேட்கக் கேட்கத்தான் கதை நகரும். அவன் பேச்சும் தமிழுக்கும் மலையாளத்துக்கும் நடுவில் ஓடும். தமிழ்த் தெருக்கூத்தில் இந்த இடத்தில் நிற்பவன் கட்டியங்காரன்.

எல்லாவற்றிலும் ஆட்டத்துக்கும் ஜனத்துக்கும் நடுவில் ஒரு குரல் நிற்கிறது. உடம்பு ஒரு பக்கம், குரல் இன்னொரு பக்கம். ஊமைப்படக் கொட்டகையில் இதேதான் நடந்தது. எழுத்து அட்டை திரையில் வந்ததும் அதை உரக்கப் படிக்க ஓர் ஆள் இருந்தார். படிப்பதோடு அவர் விடவில்லை. யார் எவன், ஏன் அழுகிறாள், அடுத்து என்ன ஆகப்போகிறது என்று வசனம் கட்டிப் பேசினார். சண்டைக்கு ஏற்றம் கொடுத்தார். நடுவில் நையாண்டியும் செய்தார். பக்கத்தில் ஹார்மோனியமும் தபலாவும். ஜப்பானில் இவருக்கு பென்ஷி என்று பெயர், புகழ், நல்ல சம்பளம். பேசும்படம் வந்தபோது அவர்கள் வேலைநிறுத்தமே செய்தார்கள். நம் ஊரில் அந்த ஆளின் பெயரைக்கூட நோட்டீஸில் போடவில்லை. சினிமா வரலாறு எழுதியவர்களும் அவரை ஒரு பத்தியில் முடித்துவிடுகிறார்கள்.

என் கட்சி இதுதான்: நாடகத்தை ஊமைப்படமாக்கும் வேலையில் பாதிதான் புரசைவாக்கத்திலும் பம்பாயிலும் நடந்தது. மறுபாதியை ஒவ்வொரு காட்சியிலும் கொட்டகைக்குள் இந்த ஆள் செய்தார். ஸ்டூடியோ அறுத்துப்போட்ட நாக்கை இவர் ஒட்டவைத்தார். ஒரே ‘கீசகவதம்’ ஓர் ஊரில் கூத்தின் சாயலிலும் இன்னோர் ஊரில் கம்பெனி நாடகத்தின் சாயலிலும் கேட்டிருக்கலாம். சித்தூர்ப் பக்கம் வந்திருந்தால் சோத்தியக்காரன் சாயலில் கேட்டிருக்கும் என்பது என் ஊகம். சாட்சியம் அல்ல, ஊகம். படச்சுருள் கிடைத்துவிட்டாலும் இந்தப் பாதி கிடைக்காது. சினிமா ஆய்வு இந்த இழப்பைக் கணக்கில் சேர்க்கவில்லை என்பதுதான் என் புகார்.

1927-ல் அரசாங்கம் அமைத்த சினிமா விசாரணைக் கமிட்டிக்குத் தலைவர் சென்னை வக்கீல் டி. ரங்காச்சாரியார். 353 பேரைக் கேட்டு, 1928-ல் அறிக்கை கொடுத்தார்கள். சாட்சியங்கள் தனித் தொகுதிகளாக அச்சாகியிருக்கின்றன. தணிக்கைக்கும் வரிக்கும் அதைப் புரட்டுகிறவர்கள் உண்டு. எழுத்து அட்டையை எத்தனை மொழியில் போடுவது, படிக்கத் தெரியாதவர் என்ன செய்வார் என்ற பேச்சுக்காகவும் அதைப் படிக்கவேண்டும்.

மேடை ஊமைப்படத்துக்குக் கொடுத்த இன்னொன்று, நடிகை. இதில் மூச்சுமுட்டும் கதை ஒன்று இருக்கிறது. ‘திரௌபதி வஸ்திராபகரணம்’ எடுக்கும்போது நடராஜ முதலியாருக்கு நடிகை அமையாமல் மரியன் ஹில் என்ற ஆங்கிலோ இந்தியப் பெண்ணைத் தேடிப் பிடித்தார். திருவனந்தபுரத்தில் ஜே.சி. டேனியல் ‘விகதகுமாரன்’ எடுக்கும்போது பம்பாயிலிருந்து வரவழைத்த நடிகை ஒத்துவரவில்லை. டேனியல் அகஸ்தீஸ்வரத்துக்காரர், தமிழர். கடைசியில் காக்காரிசி நாடகத்தில் நடித்துக்கொண்டிருந்த பி.கே. ரோஸியை அழைத்துவந்தார். காக்காரிசியும் தமிழும் மலையாளமும் கலந்த ஆட்டம்தான். அதிலும் தம்புரான் கேள்வி கேட்க, காக்கான் பதில் சொல்லவேண்டும். படக்கதை நாடகத்திலிருந்து வரவில்லை. கதாநாயகி வந்தது நாடகத்திலிருந்து.

தலித் பெண்ணான ரோஸி, படத்தில் நாயர் பெண்ணாக வந்தார். கேப்பிட்டல் கொட்டகையில் முதல் காட்சி 1928-ல் என்று ஒரு கணக்கு, 1930-ல் என்று இன்னொரு கணக்கு. அவரை உள்ளே விடவில்லை. திரையில் அவர் முகம் தெரிந்ததும் கல் பறந்தது, திரை கிழிந்தது. பிறகு அவர் குடிசைக்குத் தீ வைத்தார்கள். தப்பியோடி நாகர்கோவில் பக்கம் போய், தாம் நடித்ததை வெளியே சொல்லாமலே வாழ்ந்து முடித்தார். படச்சுருள் ஒரு அடிகூட மிஞ்சவில்லை. காக்காரிசி மேடையில் அவர் எந்த வேஷம் போட்டாலும் ஒருவரும் கல்லெறியவில்லை. வேஷம் என்று தெரிந்து பார்த்த ஜனங்கள்தான் அவர்கள். திரையில் அதே பெண் நாலுகெட்டு வீட்டுக்குள் நடந்தபோது வேஷமாகப் பார்க்க முடியவில்லை. மேடைக்கும் திரைக்கும் என்ன வித்தியாசம் என்று புத்தகம் புத்தகமாக எழுதுகிறார்கள். அந்தக் கல்லை எறிந்தவனுக்கு அது ஒரே நொடியில் தெரிந்திருக்கிறது. டேனியலும் தப்பவில்லை. சொத்தை விற்று எடுத்த படம் முடங்கி, பல் வைத்தியராகித் தமிழ்நாட்டில் காலம் தள்ளினார். கேரள அரசு அவருக்கு உதவித்தொகை கொடுக்க மறுத்ததற்கு அவர் தமிழ்நாட்டில் இருக்கிறார் என்ற காரணமும் சொல்லப்பட்டது. 1975-ல் இறந்தார். அவர் பெயரில் கேரள அரசு விருது 1992-ல் வந்தது. எல்லைக்காரன் இரண்டு பக்கத்துக்கும் அந்நியன் என்பதை எங்கள் கொழிஞ்சாம்பாறைக்காரருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

1931 அக்டோபர் 31-ல் சென்னை கினிமா சென்ட்ரலில் ‘காளிதாஸ்’ வந்தது. டி.பி. ராஜலட்சுமி தமிழில் பேசினார், கதாநாயகன் தெலுங்கில் பதில் சொன்னார். நாடக மேடையில் பயின்ற ராஜலட்சுமிக்குப் பாட்டு கைவந்த கலை. அதன்பிறகு அணை உடைந்தது. வள்ளி திருமணம், பவளக்கொடி என்று மேடைப் பாட்டு முழுவதும் படமாக இறங்கியது. 1934 ‘பவளக்கொடி’யில் ஐம்பது பாட்டு. இருபது வருஷம் வாய் கட்டியிருந்த நாடகம் மொத்தமாகப் பேசித் தீர்த்துக்கொண்டது. கொழிஞ்சாம்பாறையிலிருந்து அதிக தூரமில்லாத வடவன்னூரில் தாய்வழி வேர் கொண்ட எம்.ஜி. ராமச்சந்திரன், மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனியில் வளர்ந்து, 1936 ‘சதி லீலாவதி’யில் சினிமாவுக்கு வந்தார். அந்தப் படத்தின் கதை எஸ்.எஸ். வாசன் எழுதியதா, ‘பதி பக்தி’ நாடகத்துக்குச் சொந்தமா என்று வழக்கு எழுந்தது. இரண்டுமே ஹென்றி வுட் அம்மாள் எழுதிய ஓர் ஆங்கில நாவலிலிருந்து வந்தவை என்று வாசனே சொல்ல, பிரச்சினை தீர்ந்தது. நாடகத்திலிருந்து படம் என்ற ஆராய்ச்சியில் மூலத்தைத் தேடிப் போகிறவர்கள் இதை ஞாபகம் வைத்துக்கொள்வது நல்லது.

பேசும்படம் வந்ததும் நடுவில் நின்ற ஆளுக்கு வேலை போயிற்று. அதைவிடப் பெரிய மாற்றம் எல்லைப்புறத்தில் நடந்தது. ஊமைப்படத்துக்கு மொழி கொடுத்தது கொட்டகை. பேசும்படத்துக்கு மொழி கொடுத்தது கம்பெனி. 1938-ல் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் ‘பாலன்’ எடுத்தது, முதல் மலையாளப் பேசும்படம் அதுதான். அதன்பிறகு தமிழ்ப் படம், மலையாளப் படம் என்று இரண்டு நோட்டீஸ்.

இந்தக் கேள்வியைத் தொடர விரும்புகிறவருக்கு வேலை நிறையக் கிடக்கிறது. கூடாரக் கொட்டகைக்கு லைசென்ஸ் கொடுத்தது அரசாங்கம். லைசென்ஸ் என்றால் காகிதம் இருக்கும். சித்தூர் தாலுகாவுக்குக் கொச்சி ராஜ்யத்துக் காகிதங்கள் எர்ணாகுளம் ஆவணக் காப்பகத்தில், பாலக்காட்டுக்கு மலபார்க் காகிதங்கள் கோழிக்கோட்டில், கோவை ஜில்லாவுக்குச் சென்னை எழும்பூரில். பொள்ளாச்சியிலிருந்து பாலக்காட்டுக்கு வண்டியேறிய ஒரு புரொஜெக்டரின் தடத்தைப் பிடிக்க மூன்று ஊர் போகவேண்டும், மூன்று மொழி படிக்கவேண்டும்.